மேல்முறையீட்டைத் திருத்திய கணக்கு வாத்தியார்

கணக்கு வாத்தியாரைச் சஸ்பெண்ட் செய்தபோது ஆணையில் பக்கம் பக்கமாகக் காரணம் எழுதினார்கள். உண்மைக் காரணம் ஒன்றுதான். வகுப்பைப் பார்வையிட வந்த கல்வி அதிகாரி, பிள்ளைகளை அசத்த நினைத்துக் கரும்பலகையில் ஒரு பின்னக் கணக்கைப் போட்டார். விடை தப்பு. வாத்தியார் பணிவாக எழுந்துபோய் அதன் மேல் ஒரு கோடு கிழித்து, சரியான விடையைப் பக்கத்தில் எழுதி, "அவசரத்துல எல்லாருக்கும் வர்றதுதான் சார்" என்று ஆறுதலும் சொன்னார். பிள்ளைகள் சிரித்துவிட்டார்கள். நுணலும் தன் வாயால் கெடும் என்பார்கள். இவருக்குச் சாக்பீஸும் துணைக்கு இருந்தது.

சஸ்பெண்ட் ஆனவர் வீட்டில் உட்கார்ந்துவிடக் கூடாது என்று ஒரு விதி. தினமும் கல்வி அலுவலகத்தில் கையெழுத்துப் போட்டுவிட்டு, சாயங்காலம் வரை வராந்தா பெஞ்சில் இருக்க வேண்டும். வேலை கிடையாது, ஆனால் தாமதமாக வரக் கூடாது.

அவர் வழக்குப் போட்டார். வழக்கு ஆடி அசைந்து வருஷக்கணக்கில் நடந்தது. பெஞ்சில் ஒருவர் சும்மா இருந்தால் எந்த கிளார்க்குக்குத்தான் மனசு கேட்கும்? "சார், இந்தக் கூட்டல் சரியான்னு பாருங்களேன்" என்று அங்கிருந்த கிளார்க் ஆரம்பித்தார். இடத்தைக் கொடுத்தால் மடத்தைப் பிடுங்குவது மனித சுபாவம். போகப் போக, வாத்தியார் பார்க்காமல் அந்த அலுவலகத்திலிருந்து ஒரு கடிதமும் வெளியே போவதில்லை என்றாகிவிட்டது.

கடைசியில் தீர்ப்பு வந்தது: உடனே வேலையில் சேர்க்கவும். சம்பள பாக்கிகூட அவருக்குப் பெரிதில்லை. ஓய்வு பெறுவதற்குள் ஒரு முறையாவது வகுப்பில் நின்றுவிட வேண்டும், அவ்வளவுதான் ஆசை. தையல் தைக்கும் மனைவி புதுச் சட்டை தைத்து மாட்டி வைத்தாள். சட்டை ஆணியிலேயே தொங்கியது. அலுவலகம் அவரைச் சேர்க்கவில்லை.

ஒருநாள் கிளார்க் தயங்கித் தயங்கி வந்தார். "தப்பா நெனைக்காதீங்க சார். உங்க கேஸ் தீர்ப்ப எதிர்த்துத்தான் அப்பீல் போடறோம். வழக்கம்போல ஒரு தடவ பாத்துட்டீங்கன்னா..."

வாத்தியாருக்குக் கோபம் பொத்துக்கொண்டு வந்தது. தாளைப் பிடுங்கிப் படித்தார். மூன்றாம் பக்கத்தில் கோபம் மறந்துபோய்ப் பென்சில் கேட்டார்.

"கெடு தாண்டிப் போச்சேய்யா! ஏன் லேட்டுன்னு தனியா ஒரு மனு வைக்கணும். இல்லேன்னா மொத நாளே தூக்கிப் போட்டுடுவாங்க."

"அய்யய்யோ! என்ன காரணம் சார் சொல்றது?"

வாத்தியார் யோசித்தார். "ஃபைல் ஒவ்வொரு மேசையிலயும் எவ்வளவு நாள் கெடந்துச்சுன்னு தேதி வாரியா எழுதுங்க. உண்மையும் அதுதானே."

சொந்தக் காசில் சூனியம் வைத்துக்கொள்கிறவர்களைப் பார்த்திருக்கிறோம். இவர் மந்திரத்தையும் சொல்லிக்கொடுத்தார்.

தாமதத்துக்குச் சொன்ன காரணம் திருப்தியாக இருக்கிறது என்று நீதிமன்றம் அப்பீலை ஏற்றுக்கொண்டது. வேலையில் சேர்க்கும் உத்தரவுக்குத் தடையும் கொடுத்தது. கிளார்க் இரண்டு டம்ளர் டீயோடு பெஞ்சுக்கு ஓடி வந்தார். "சார், உங்களாலதான் ஜெயிச்சோம்!" சொன்ன பிறகுதான் யாரிடம் சொல்கிறோம் என்பது உறைத்தது. டீயை வைத்துவிட்டுத் தலையைக் குனிந்துகொண்டு போனார்.

அப்பீல் முடிவதற்குள் ஓய்வு வயது வந்துவிடும் என்று வாத்தியாரின் வக்கீல் கையை விரித்துவிட்டார். வாத்தியார் வீட்டுக்குப் போய் மனைவியிடம் ஒன்றுவிடாமல் சொன்னார்.

அவள் தையல் மிஷினை நிறுத்தினாள். "ஏங்க, பரீட்சையில ஒருத்தன் பக்கத்துல இருக்கறவனுக்கு விடை சொல்லிக் கொடுத்தா என்ன பண்ணுவீங்க?"

"சொல்லிக் கொடுத்தவனத்தான் மொதல்ல கிளாஸை விட்டு வெளிய அனுப்புவேன்."

"அதத்தாங்க கோர்ட்டும் பண்ணியிருக்கு."

அவரைச் சிரிக்க வைக்கத்தான் சொன்னாள். சொல்லி முடிப்பதற்குள் அவளே அழுதுவிட்டாள்.