எஸ்தர் கிழித்தெடுத்த சீட்டுகள்

வியாழக்கிழமை காலை செல்வம் தொலைபேசியில் அழைத்தார். "அண்ணே, எஸ்தரு செத்துப்போச்சு. கோலா கெடா மீன் பாசார்லயே விழுந்திருச்சு" என்றார். என்ன மீன் வாங்கப் போனார் என்று கேட்டேன். மனைவியை இழந்தவரிடம் ஏன் அப்படிக் கேட்டேன் என்று இன்னும் எனக்கு விளங்கவில்லை.

எஸ்தர் என்னைவிட மிகவும் இளையவர். அவரிடம் படித்த உங்களில் பலர் என்னைவிட நன்றாக இந்த அஞ்சலியை எழுதியிருப்பீர்கள். எனக்குத் தெரிந்ததை மட்டும் சொல்கிறேன்.

ஆசிரியர் பயிற்சிக் கல்லூரியில் இருவரும் உளவியல் கற்பித்தோம். தகவலைப் பெற்று, வகைப்படுத்தி, சேமித்து, வேண்டும்போது எடுத்துத் தரும் இயந்திரமே மனம் என்ற கோட்பாட்டை நான் ஓய்வுபெறும்வரை மாற்றாமல் சொல்லிக்கொடுத்தேன். எஸ்தரும் அதையே கற்பித்தார். ஆனால், "கோட்பாடு சட்டை மாதிரிண்ணே. பத்தலன்னா உடம்பையா வெட்டுவோம்?" என்று ஆசிரியர் அறையில் என்னைச் சீண்டுவார்.

என் மனைவி கமலத்துக்கு மறதி நோய் தொடங்கியபோது, எஸ்தர் அலோர் ஸ்டாரிலிருந்து புக்கிட் செலம்பாவில் உள்ள எங்கள் வீட்டுக்கு வந்தார். சமையலறைப் பொருள்களை வகை பிரித்து அடுக்கி, பெயர்ச்சீட்டு ஒட்டினால் கமலத்துக்கு உதவும் என்றார். எனக்குப் பிடித்த வேலை. அழகாக எழுதி ஒட்டினேன். கமலம் சமைப்பதை நிறுத்திவிட்டாள்.

அடுத்தமுறை எஸ்தர் வாசலில் நின்று பார்த்தார். கமலம் அலமாரியில் 'புளி' என்ற சீட்டைச் சரியாகப் படித்தாள். ஆனால் அவள் கை, புளி முன்பு இருந்த ஜன்னலுக்குக் கீழே போய் வெறுமையாகத் திரும்பியது.

"தப்பு என்னுதுண்ணே" என்றார் எஸ்தர். "அக்கா ஞாபகம் மண்டைக்குள்ள மட்டும் இல்ல. பாதி இந்த அடுப்படியில இருந்திச்சு. நாம அதக் கலைச்சிட்டோம்."

"புத்தகத்தில் அப்படி இல்லையே" என்றேன்.

"புத்தகம் ரசம் வைக்காதுலா."

அவர் சீட்டுகளைக் கிழிக்கத் தொடங்கியதும் கமலம் எழுந்தாள். "யாரு அடுப்படியில யாரு கை வைக்கிறது? தள்ளு புள்ள" என்று புளி ஜாடியைத் தானே ஜன்னலுக்குக் கீழே வைத்தாள். அன்று ரசத்தில் உப்பு அதிகம். எஸ்தர் இரண்டாம் முறையும் ஊற்றிக்கொண்டார். பிறகு தம் வகுப்புகளில், தாம் கற்பித்த கோட்பாடு எங்கே போதாமல் போனது என்பதற்கு எங்கள் சமையலறையைத்தான் சொன்னார். "என் தப்பையும் சேர்த்து எழுதிக்கிங்க" என்பாராம்.

வியாழக்கிழமை, கமலத்திடம் எப்படிச் சொல்வதென்று தெரியவில்லை. சொன்னால் மறப்பாள், மறுபடி கேட்கும்போது அது அவளுக்குப் புதிய சாவு. தெரியாதபோது வழக்கமாகச் செய்வதைச் செய்தேன். எஸ்தரின் எண்ணை அழுத்தினேன். "சொல்லுங்கண்ணே" என்று செல்வத்தின் குரல் கேட்ட பிறகுதான் யாரை அழைத்தேன் என்று உணர்ந்தேன். என் ஞாபகசக்தியில் குறையில்லை என்கிறார் மருத்துவர்.

கமலத்திடம் சொன்னேன். வெகுநேரம் என் கையைப் பிடித்திருந்தாள். "செல்வம் சாப்பிட்டுச்சா?" என்று கேட்டாள். சனிக்கிழமை, "எஸ்தரு வரலியா?" என்றாள். "இன்னிக்கு வரல" என்றேன். அது சரியா என்று கேட்க எனக்கு ஆளில்லை.

எஸ்தர் சொன்னது உண்மையென்றால், என் மனத்திலும் ஒரு பாதி அவரிடம் இருந்திருக்கிறது. மிஞ்சியிருப்பது ஜன்னலுக்குக் கீழே இருக்கும் புளி ஜாடி. துடைக்கும்போதுகூட அதை நகர்த்தாமல் சுற்றித் துடைக்கிறேன்.