குரலாம்பல் விரிந்த காலை

ஜெயசீலனுக்கு நாற்பதைத் தாண்டிவிட்டது. சேதராப்பட்டுப் பக்கம் ஒரு கம்பெனியில் அட்டைப்பெட்டிகளுக்கு டேப் ஒட்டுகிற வேலை. குடி கிடையாது, வம்புதும்பு கிடையாது. தங்கமான மனுஷன் என்று ஊரே சொல்லும். அந்தத் தங்கம்தான் இந்தக் காரியத்தைச் செய்தது.

பாகூர் ஏரிக்குக் கிழக்கே இருக்கிற அவன் ஊரில் வீட்டுக்கு வீடு தினசரி காலண்டர் தொங்குகிறது. அது கம்பெனி லீவு பார்க்க. மற்றதற்கெல்லாம் பூதான் கணக்கு. மண்சிரிச்சி பூத்தால் விதைப்பு மாதம். அதற்கு முன்னால் விதைத்த நெல் முளைக்கவே முளைக்காது. விளக்குத்தும்பை பூத்தால் அறுப்பு மாதம். அதன் வெளிச்சத்தில் ராத்திரியிலும் அறுக்கலாம். இரண்டுக்கும் நடுவே குளத்தில் குரலாம்பல் ஒரே ஒரு பூ விடும். அது பூத்தால்தான் நடவு மாதம் பிறக்கும்.

குரலாம்பலுக்கு இன்னொரு குணம் உண்டு. விரிகிற நேரத்தில் செத்துப்போன ஒருவரைக் கூப்பிட்டால், அவர் குரலில் அது பேசும். வருஷத்துக்கு ஒருவர்தான், அதுவும் வெயில் படுகிற வரைக்கும்தான். ஆளாளுக்கு முண்டியடிக்கக் கூடாதென்று ஊர் ஒரு கட்டுப்பாடு வைத்திருந்தது. கடைசியாகச் சாவு விழுந்த வீட்டுக்குத்தான் அந்தப் பூ. பூவுக்குக் காவலிருக்க ஊரில் முறை வைத்திருந்தார்கள்; அந்தக் காவல்முறைக்காரன் போய்க் கதவைத் தட்டி அழைக்க வேண்டும். அழைக்காமல் யாரும் குளத்துப் பக்கம் போகக் கூடாது.

இந்த வருஷம் அந்த வீடு கலியம்மாளுடையது. அவளுக்கு இருந்த ஒரே பிள்ளை முத்துக்குமரன், கடலூர் ரோட்டில் லாரி மோதிப் போய்விட்டான். காவல்முறை ஜெயசீலனுடையது. குளத்திலிருந்து கூப்பிடு தூரத்தில்தான் கலியம்மாள் வீடு.

இருள் பிரிகிற நேரத்தில் பூ விரிந்தது. ஜெயசீலன் எழுந்து இரண்டடி வைத்தான். அதன் வாசனை மூக்கில் ஏறியதும் கால் ஓடவில்லை. ஒரே ஒரு தடவைதானே என்று நினைத்தானோ, ஒன்றுமே நினைக்கவில்லையோ, "அப்பா" என்று கூப்பிட்டுவிட்டான்.

அவன் அப்பா செல்லப்பன் செத்து ஏழெட்டு வருஷமாகிறது. மனுஷர் என்ன பேசினார் என்கிறீர்கள்? மோட்டார் ஸ்டார்ட்டருக்குள் பல்லி புகுந்துவிடும், பார்த்துப் போடு என்றார். வேலிப்படலைக் கட்டாமல் இன்னும் வைத்திருக்கிறாயே என்று திட்டினார். பிள்ளை கன்னத்தில் நீர் வழியக் கேட்டுக்கொண்டிருந்தான். வெயில் பட்டது, பூ உதிர்ந்தது. அப்போதுதான் அவனுக்குக் கலியம்மாள் நினைவு வந்தது.

இதழ்களைச் சேற்றில் அமுக்கிவிட்டு ஊருக்குள் வந்து, இன்னும் பூக்கவில்லை என்றான். முழுப் பூசணிக்காயைச் சோற்றில் மறைத்த கதைதான். நடவு மாதம் பிறக்கவில்லை, நாற்று முற்றிக்கொண்டே போனது. எல்லாரும் வானத்தைத் திட்டினார்கள், அவனை யாரும் சந்தேகிக்கவில்லை. அதுதான் அவனை அதிகம் தின்றது.

கலியம்மாள் தினமும் விடியுமுன் குளித்து, வெளுத்த புடவை கட்டிக்கொண்டு தன் வாசற்படியில் உட்கார்ந்திருப்பாள். காவல் முடிந்து அவன் அந்த வழியாகத்தான் திரும்பியாக வேண்டும். பூத்ததா என்று கேட்பாள். இல்லை பெரிம்மா என்பான். தலையைக் குனிந்துகொண்டுதான் சொல்வான். கம்பெனியில் டேப்பைக் கோணலாக ஒட்டினான். வீட்டில் சோறு இறங்கவில்லை.

ஒரு காலையில் அவள் வழக்கம்போல் கேட்டபோது அவனால் இல்லையென்று சொல்ல முடியவில்லை. தரையிலேயே உட்கார்ந்துவிட்டான்.

"பூத்துடுச்சி பெரிம்மா. என்னிக்கோ பூத்துடுச்சி. நான் எங்கப்பாவக் கூப்புட்டுட்டேன்."

கலியம்மாள் அவனைக் குனிந்து பார்த்தாள்.

"தெரியும்பா. அன்னிக்கே வாசன வந்துச்சி. நீ வந்து தட்டுவேன்னு கதவாண்டயே நின்னுகினு இருந்தேன். அப்பத்தான் நீ அப்பான்னு கூப்புட்டது காதுல வுழுந்துச்சி."

அப்புறம் ஏன் தினமும் வாசலில் உட்கார்ந்து கேட்டாள் என்று அவன் திக்கித் திணறினான்.

"பூவுக்கா ஒக்காந்திருந்தேன்? நீ வாயத் தொறப்பேன்னு ஒக்காந்திருந்தேன்."

பூமி பிளந்தால் இறங்கிவிடலாம் போலிருந்தது அவனுக்கு. அவள் திட்டியிருக்கலாம், செருப்பால் அடித்திருக்கலாம். அவளோ முந்தானையால் வாயைத் துடைத்துக்கொண்டு வேறொன்று கேட்டாள்.

"எம்மாம் நேரம் பேசுனாரு?"

பொய் சொல்ல இனி அவனிடம் தெம்பில்லை.

"வெயில் படற வரைக்கும்."

"அம்மாம் நேரமா," என்றாள் கலியம்மாள்.