கிலோமீட்டர் பூச்சியத்துக்குப் போன பஸ்

தம்பித்துரை அண்ணையின் மகள் கலியாணத்தில், மாப்பிள்ளையின் தகப்பனுக்குப் பக்கத்துக் கதிரையில் தயாபரனை இருத்தியது யாருடைய பிழை என்று இன்றுவரை தெரியாது. சம்பந்தி ஜெர்மனியிலிருந்து வந்தவர். எங்கள் ஊர் நடப்பு அறியாதவர். பாயசம் வருவதற்குள் தயாபரன் தொடங்கிவிட்டார்.

“ஷோஷா எண்டொரு மெசின்கன் இருக்கு. கேள்விப்பட்டிருக்கிறியளோ?”

“இல்லையே.”

“முதலாம் உலகப் போருக்கு அமெரிக்கன்காரன் வரேக்க அவனிட்டக் காணுமான அளவு மெசின்கன் இல்லை. பிரெஞ்சுக்காரன் தன்ரையைக் குடுத்தான். அதின்ர தோட்டாப் பெட்டி ஒரு பக்கம் திறந்து கிடக்கும். எத்தினை தோட்டா மிச்சம் எண்டு பாக்கலாமாம். ஆனா ட்ரெஞ்சில கிடக்கிற சேறு முழுக்க அதுக்குள்ளதான் போகும். சுட்டுக்கொண்டிருக்கேக்கயே இறுகிப்போயிடும்.”

“அப்ப என்ன செய்யிறது?” என்று சம்பந்தி கேட்டார். மரியாதைக்குக் கேட்டதுதான். படம் எடுக்க வரச்சொல்லி மேடையிலிருந்து ஆள் வரும்வரை அவரால் கதிரையை விட்டு எழும்ப முடியவில்லை.

சுவிஸில் எங்கள் ஊரான லா ஷோ-து-ஃபோனில் தயாபரனைத் தெரியாத தமிழர் இல்லை. என் வீட்டுக்கு நேர் மேல் வீட்டில் இருக்கிறார். எண்பத்தி நாலாம் ஆண்டு, இருபது வயதில், மொஸ்கோ, கிழக்கு பெர்லின் என்று சுற்றி வந்து சேர்ந்தவர். முதலில் ஒரு ரெஸ்ரோறன்ரில் கோப்பை கழுவினார். பிறகு கைமணிக்கூட்டுக்கு வெளிக்கூடு செய்யும் ஒரு தொழிற்சாலையில் மெருகூட்டும் வேலை கிடைத்தது. அங்கேயே இருந்துவிட்டார்.

போர்க்கதை நோயும் அங்கேதான் பிடித்தது. தொழிற்சாலை வாசலில் ஒரு கண்ணாடி அலுமாரி. அதற்குள் பழைய கைக்கடிகாரம் ஒன்று. முகத்தின் மேல் யன்னல் கம்பி மாதிரி ஒரு வலை போட்டிருக்கும். “இந்த மணிக்கூடு என்ன குற்றம் செய்தது, மறியலில வைச்சிருக்கிறியள்?” என்று தயாபரன் தன் மேலாளரைக் கேட்டிருக்கிறார். பதுங்கு அகழிகளில் கிடந்த அமெரிக்க அதிகாரிகளுக்காகச் செய்தது, குண்டுச்சிதறல் பட்டுக் கண்ணாடி உடையாமலிருக்க அந்தக் கம்பி என்று அவர் விளக்கம் சொன்னார். சொல்லிவிட்டு அவர் தன் வேலைக்குப் போய்விட்டார். தயாபரன் அந்த இடத்தை விட்டு நகரவில்லை என்றுதான் சொல்லவேண்டும்.

நூலகத்தில் இருந்த பிரெஞ்சுப் புத்தகங்களை வாசித்து முடித்தார். யூடியூப்பில் ஆங்கிலப் படங்களைப் பார்த்துப் பார்த்து ஆங்கிலமும் பழகிவிட்டார். ஆனால் அது பீரங்கி ஆங்கிலம். தக்காளி என்ன விலை என்று கேட்கத் தெரியாது. ‘பக்கவாட்டுத் தாக்குதல்’ என்பதை மூன்று விதமாகச் சொல்லுவார். மனைவி இந்திரா அவருக்கு ஜெனரல் என்று பெயர் வைத்தா. “ஜெனரல், குப்பையைக் கொண்டுபோய்ப் போட்டுட்டு வாங்கோ” என்று மாடியிலிருந்து குரல் வரும். ஜெனரலும் போய்ப் போட்டுவிட்டு வருவார்.

பக்கத்து ஊர்த் தமிழர் ஒன்றியம் எங்களோடு சேர விரும்பியபோது கூட்டத்தில் எழும்பி நின்று எதிர்த்தவரும் அவர்தான். “பெர்ஷிங் என்ன செய்தவர் தெரியுமோ? இங்கிலிஸ்காரனும் பிரெஞ்சுக்காரனும் ‘உன்ர பெடியளைப் பிரிச்சு எங்கட படைக்குள்ள தா’ எண்டு கேட்டவங்கள். அந்தாள் தலைகீழா நிண்டாலும் ஓம் எண்டு சொல்லேல்ல. அமெரிக்கப் படை அமெரிக்கப் படையாத்தான் நிக்கும் எண்டிட்டார்!” பெர்ஷிங் எந்த ஊர் ஒன்றியத்துத் தலைவர் என்று பின்வரிசையில் ஒருவர் கேட்டார். ஆனாலும் சேர்க்கும் பிரேரணை தோற்றுவிட்டது.

போன வருடம் ஒன்றியத்தின் கோடைச் சுற்றுலாப் பொறுப்பு அவருடைய கையில் விழுந்தது. வழக்கமாக அதைச் செய்யும் கஜலக்சுமி அக்காவுக்கு முழங்கால் வருத்தம். வேறு யாரும் கை உயர்த்தவில்லை. எல்லாரும் தூன் ஏரி, றைன் நீர்வீழ்ச்சி என்று நினைத்துக்கொண்டிருக்க, தயாபரன் அறிவித்தார்:

“இந்த முறை நாங்கள் கிலோமீட்டர் சீரோவுக்குப் போறம். காட்டு நடை. போங்ஃபோலுக்குப் பக்கத்தில, பிரெஞ்சு எல்லையில.”

கஜலக்சுமி அக்கா முகம் மலர்ந்து என் பக்கம் திரும்பினா. “பாத்தியோ, எங்கட முழங்காலை யோசிச்சிருக்கிறான். நடை பூச்சியம் கிலோமீட்டராம்.”

அந்தச் செய்தி அன்று பின்னேரமே ஊரெல்லாம் பரவியது. நடக்கவே தேவையில்லாத காட்டு நடைக்கு ஆட்கள் குவிந்தார்கள். முழங்கால் வருத்தம், இடுப்பு வருத்தம், குதிக்கால் வருத்தம் என்று ஊரில் இருந்த வருத்தம் முழுவதும் பஸ்ஸில் ஏறியது. பெண்கள் சேலையும் மெல்லிய செருப்புமாக வந்தார்கள். தம்பித்துரை அண்ணை வெள்ளைச் சப்பாத்துப் போட்டிருந்தார்.

காட்டு வாசலில் இறங்கியதும் உண்மை வெளிப்பட்டது. கஜலக்சுமி அக்கா அறிவிப்புப் பலகையை வாசித்தா. மறுபடி வாசித்தா.

“தயாபரன்! இதில ஏழரைக் கிலோமீட்டர் எண்டெல்லோ போட்டிருக்கு?”

“ஓம் அக்கா, சுத்தி வர ஏழரை.”

“பூச்சியம் எண்டு சொன்னீர்!”

“அது இடத்தின்ர பேர் அக்கா. பெல்ஜியம் கடற்கரையில தொடங்கின போர்முனை, பிரான்சைக் கடந்து வந்து, இஞ்ச சுவிஸ் எல்லையில முட்டித்தான் நிண்டது. அந்த முட்டின இடம்தான் கிலோமீட்டர் சீரோ.”

“நானும் இப்ப முட்டித்தான் நிக்கிறன்” என்றா அக்கா.

பஸ் திரும்பிப் போய்விட்டது. பின்னேரம்தான் வரும். வேறு வழியில்லாமல் நடந்தோம். கொத்துரொட்டிப் பெட்டிகளை இளம் ஆட்கள் தூக்கினார்கள். தயாபரன் முன்னால் பின்னோக்கி நடந்தபடி விளக்கம் சொல்லிக்கொண்டு போனார். நேரே நடந்தால் எங்கள் முகம் தெரியாதாம். எங்கள் முகம் தெரியாமல் இருந்திருந்தால் அவருக்கு நல்லது.

“பதினெட்டாம் ஆண்டுக் கோடையில அமெரிக்கப் பெடியளை இந்தப் பக்கத்து அல்சாஸுக்கு அனுப்பினவங்கள், பழக்கிறதுக்கு. இது சத்தம் குறைஞ்ச முனை. அவங்களிட்ட ஒரு சொட்கன் இருந்தது. ட்ரெஞ்சுக்குள்ள கிட்ட நிண்டு சுடுறதுக்கு. ஜெர்மன்காரன் அதுக்குப் பயந்து, ‘உது போர் முறைக்குப் பிழை’ எண்டு முறைப்பாடு குடுத்தவன்!”

“நச்சுப்புகை அடிச்சவன் முறைப்பாடு குடுத்தவனோ?” என்று தம்பித்துரை அண்ணை தன் சேறு படிந்த சப்பாத்தைப் பார்த்தபடி கேட்டார். கேள்விக்குப் பதில் கேட்க அவர் நிற்கவில்லை.

லார்ஜான் என்ற இடத்துக்குக் கிட்டப் போகும்போது மழை பிடித்துக்கொண்டது. ஆவணி மழை. மரக்குற்றிகளை அடுக்கிக் கட்டிய ஒரு காவலரண் அங்கே இருக்கிறது. அந்தக் காலத்துச் சுவிஸ் படையினர் எல்லையைக் காத்த இடத்தில், அதே மாதிரித் திரும்பக் கட்டியது. ஓடக்கூடியவர்களும் ஓட முடியாதவர்களும் ஒரே நேரத்தில் அதற்குள் புகுந்தோம். ஒருவர் முழங்கை மற்றவர் விலாவில். கொத்துரொட்டிப் பெட்டி யாருடைய தலையிலோ.

சிறு துவாரங்களால் வெளிச்சம் வந்தது. ஈர மண் மணத்தது. கஜலக்சுமி அக்கா சுற்றிப் பார்த்தா.

“எட, இது எங்கட பங்கரெல்லோ!”

அந்த ஒரு சொல்லோடு ஊரில் சண்டை நடந்த காலம் முழுவதும் திறந்துகொண்டது.

“எங்கட பங்கருக்குள்ள இவ்வளவு இடம் இருக்கேல்ல. ஹெலி வந்தா மாமியும் நானும்தான் உள்ளுக்க. எனக்கும் மாமிக்கும் கதை பேச்சு இல்லை. ‘குனியடி’ எண்டு சொல்லவும் ஏலாது. சுவரைப் பாத்து, ‘சில பேர் தலையை வெளியில நீட்டுகினம்’ எண்டு சொல்லுவா. அப்பிடித்தான் என்னைக் காப்பாத்தினவ.” அக்கா சொல்லி முடிப்பதற்குள் காவலரண் சிரிப்பில் குலுங்கியது.

தம்பித்துரை அண்ணைக்கு ஆட்டுக்கதை. பொம்மர் வந்த நேரம் அவருடைய கிடாய் ஆடு எல்லாருக்கும் முன்னால் பங்கருக்குள் பாய்ந்துவிட்டது. உள்ளே போனால் முட்டும். வெளியே நின்றால் குண்டு. “யோசிச்சுப் பாத்தன். குண்டு விழுந்தாலும் விழும், விழாமல் விட்டாலும் விடும். ஆடு கட்டாயம் முட்டும். வெளியில படுத்திட்டன்!”

இந்திராவும் சொன்னா. அவ வீட்டுப் பங்கருக்குள் ஒருநாள் பாம்பு. அதற்கும் போர்தானே என்று ஒருவரும் அதை அடிக்கவில்லையாம்.

நாங்கள் இதையெல்லாம் ஒரு நாளும் கதைத்ததில்லை. கலியாணவீட்டிலும் கதைத்ததில்லை, செத்தவீட்டிலும் கதைத்ததில்லை. கண்ணில் நீர் வரச் சிரித்துக்கொண்டு, மழையின் சத்தத்துக்கு மேலால் கத்திக்கத்திச் சொன்னோம். வந்த நீர் எல்லாம் சிரிப்பால்தான் வந்தது என்று நான் சத்தியம் பண்ண மாட்டேன்.

மூலையில் தயாபரன் பேசாமல் நின்றார். அதை முதலில் கண்டது கஜலக்சுமி அக்காதான்.

“என்ன ஜெனரல், வாய் அடைச்சுப்போச்சோ? உமக்குச் சொல்ல ஒண்டும் இல்லையோ?”

“இல்லை அக்கா.” அவர் ஈரத் தொப்பியைப் பிழிந்தார். “நான் எண்பத்தி நாலிலயே வந்திட்டன். பங்கருக்குள்ள ஒருநாளும் இருந்ததில்லை. அம்மா டெலிபோனில ‘நாங்கள் சுகம்’ எண்டு மட்டும்தான் சொல்லுவா. நானும் கேக்கிறேல்ல. எப்பிடிக் கேக்கிறது? இஞ்ச சுகமா இருந்துகொண்டு.”

பிழிந்த தொப்பியை ஒரு மரக்குற்றியில் வைத்துவிட்டுக் கேட்டார்:

“உள்ளுக்க இருக்கேக்க சத்தம் எப்பிடிக் கேக்கும்?”

ஜெனரல் கேள்வி கேட்டு நாங்கள் பதில் சொல்வது அதுதான் முதல் தடவை. கஜலக்சுமி அக்கா நெஞ்சை நிமிர்த்தி மூச்சை இழுத்து, ஷெல் வரும் சத்தத்தைப் போட்டுக் காட்டினா. “அது பிழை, அப்பிடி நீட்டிக் கேட்டா தூரப் போகுது எண்டு அர்த்தம்” என்று தம்பித்துரை அண்ணை திருத்தி, தன்னுடைய ஷெல்லை விட்டார். இந்திரா ஹெலி மாதிரி இரைந்தா. பின்னால் நின்ற ஒருவர் பொம்மர் பதிந்து எழும்புவதைச் செய்தார். போட்டி சூடு பிடித்தது. எல்லாரும் சேர்ந்து முழங்கிக்கொண்டிருந்த நேரத்தில்தான் மழைக்கு ஒதுங்க ஒரு சுவிஸ் குடும்பம் வாசலில் வந்து நின்றது. தாய், தகப்பன், முழங்காலளவு உயரத்தில் ஒரு பெண்பிள்ளை.

நாங்கள் நிறுத்தினோம். சேலை கட்டிய ஹெலிகொப்டர் ஒன்று மட்டும் நிறுத்தத் தாமதமாகிவிட்டது.

சின்னப் பிள்ளை கை தட்டியது. தகப்பன், “நாடகமா? தொடருங்கள், தொடருங்கள்” என்று பிரெஞ்சில் பணிவாகச் சொன்னார்.

தயாபரன் முன்னுக்கு வந்து விளக்கினார். இவர்கள் எல்லாரும் வேறொரு போரின் பங்கர்களில் இருந்தவர்கள், சத்தம் எப்படி இருந்தது என்று எனக்குச் சொல்லித் தருகிறார்கள் என்றார். அந்தத் தாய் ஒரு நிமிடம் எங்களைப் பார்த்துக்கொண்டு நின்றா. பிறகு, “அப்போது இந்தப் பக்கத்துப் போர்முனையில் இருந்தது யார்?” என்று கேட்டா.

அவர் தொடங்கினார். ஆனால் இந்த முறை மெசின்கன்னில் தொடங்கவில்லை. கப்பல் ஆட்டத்தில் சத்தியெடுத்தபடி வந்து இறங்கிய அமெரிக்கப் பெடியளில் தொடங்கினார். பிரெஞ்சு தெரியாமல் முட்டை வாங்கக் கோழி மாதிரிக் கொக்கரித்திருப்பார்கள், நானும் இந்த நாட்டுக்கு வந்த முதல் வாரம் அப்படித்தான் வாங்கினேன் என்றார். பிரெஞ்சில் சொல்லிவிட்டுத் தமிழில் ஒருதரம் சொன்னார். அக்காவுக்குப் பொறுக்கவில்லை.

“அந்தப் பெடியள் பங்கருக்குள்ள என்னத்தைச் சாப்பிட்டவை?”

“பேணியில அடைச்ச இறைச்சி, கல்லு மாதிரி பிஸ்கற். ஆனா சல்வேசன் ஆர்மிப் பொம்பிளையள் போர்முனைக்குக் கிட்டவே வந்து நிண்டு டோநட் பொரிச்சுக் குடுத்தவை அக்கா. ஷெல் விழ விழ.”

“வாய்ப்பன் மாதிரியோ?”

“நடுவில ஓட்டை போட்ட வாய்ப்பன்.”

“எண்ணெய்ச் சட்டியை விட்டுட்டு ஓடேலாதுதானே” என்றா அக்கா, அந்தப் பெண்களை நேரில் தெரிந்தவ மாதிரி. “அப்ப அந்தப் படையின்ர டெலிபோனுக்கு ஆர் இருந்தவை, அதுவும் பொம்பிளையளோ?”

அமெரிக்காவிலிருந்து பிரெஞ்சு தெரிந்த பெண்களைத் தேடிப் பிடித்து அனுப்பிய கதையை அவர் சொன்னார். பெர்ஷிங்கின் கட்டளை எல்லாம் அவர்களுடைய காதால்தான் போகவேண்டும், சண்டை முடிந்து ஊருக்குப் போனபிறகு, நீங்கள் படையே இல்லை என்று அரசாங்கம் கைவிரித்துவிட்டது என்றார். பெண்கள் பக்கத்திலிருந்து ஒரு உறுமல் எழுந்தது. கொத்துரொட்டிப் பெட்டி திறந்தது. சுவிஸ் குடும்பத்துக்கும் கொடுத்தோம். உறைப்பில் தகப்பனுக்கு மூக்கு ஓடியது. பிள்ளை இன்னும் கேட்டது.

மழை விட்டபின் மிச்சத் தூரத்தை எப்படி நடந்தோம் என்று எனக்குச் சரியாக ஞாபகமில்லை. பஸ்ஸில் ஏறியதும் எல்லாரும் நித்திரை. தயாபரன் மட்டும் யன்னலோரம் விழித்திருந்தார்.

அடுத்த ஞாயிற்றுக்கிழமை அவர் ஊரில், கோப்பாயில் இருக்கும் தாய்க்கு ஃபோன் எடுத்தார். மேல்வீட்டு யன்னலும் என் யன்னலும் திறந்திருந்தன. வட்ஸ்அப்பை ஸ்பீக்கரில் போட்டால்தான் தாய்க்குக் காது கேட்கும். ஆகவே இதை ஒட்டுக்கேட்டேன் என்று சொல்ல முடியாது.

“அம்மா, எங்கட பங்கர் எங்க இருந்தது?”

தாய் கதிரையை இழுத்துப் போட்டு இருக்கும் சத்தம் கேட்டது.

“உனக்கு இப்பதான் கேக்கத் தோணினதோ?” கோபமாகச் சொல்லவில்லை. “கிணத்தடிக்கு அங்கால. அப்பா வெட்டினவர். அந்த மனுசன் வெட்டினது கோணல், நானும் ரெண்டு கோழியும்தான் போகலாம். இப்ப மேல வெங்காயம் நட்டிருக்கிறன்.”

அன்று ஃபோன் வைக்க மத்தியானம் ஆகிவிட்டது. இந்திரா இரண்டு தரம் சோறு சூடாக்கினா.

மார்கழியில் இருவரும் ஊருக்குப் போனார்கள். இந்திரா எனக்கு ஒரு வீடியோ அனுப்பினா. தாய் பிளாஸ்ரிக் கதிரையில் இருந்து கையால் காட்டிக் கட்டளை போடுகிறா. “அதில இல்லை, இஞ்சால வா. எட, வெங்காயத்தை மிதிக்காத!” தயாபரன் சாரத்தை மடித்துக் கட்டிக்கொண்டு மண்வெட்டியால் கொத்துகிறார். வியர்வை ஒழுகுகிறது. இடுப்பளவு ஆழத்தில், பங்கரின் கூரைக்குப் போட்டு உக்கிப்போன ஒரு பனங்குற்றி தட்டுப்படுகிறது. மண்வெட்டியை வைத்துவிட்டு அவர் குழிக்குள் குந்தி இருக்கிறார். தலை மட்டும் தெரிகிறது.

“இருந்தது காணுமடா, ஏறி வா” என்கிறா தாய். “மூடிவிடு. பின்னேரம் பாத்திக்குத் தண்ணி விடவேணும்.”