ஊர்க்கவுண்டரை ரயிலேற்றினேன்

செத்தபின் உடம்பைப் படிப்புக்குக் கொடுப்பதாகச் சிலர் இப்போது தாங்களே எழுதிக் கையெழுத்துப் போடுகிறார்களாம். வெள்ளைக்காரன் காலத்தில் எங்களிடம் யார் கேட்டார்கள்? அடிவாரத்து ஆஸ்பத்திரியில் ஒருவர் செத்து, மூன்று நாளில் சொந்தக்காரர் வராவிட்டால், பிணம் பட்டணத்து வைத்தியக் கல்லூரிக்குப் போய்விடும். என் புருஷன் அப்படித்தான் போனார்.

எங்கள் மலையிலுள்ள குண்டூர் நாட்டில் மிளகு பறிக்கும்போது மரத்திலிருந்து விழுந்தார். டோலி கட்டித் தூக்கிப்போய் ஆஸ்பத்திரியில் சேர்த்துவிட்டு, ஆட்கள் அவசரமாக மலையேறிவிட்டார்கள். அன்று மாரியம்மன் நோம்பிக்குக் காப்புக் கட்டும் நாள். கட்டிவிட்டால் நோம்பி முடியும்வரை யாரும் ஊர் எல்லையைத் தாண்டக் கூடாது. மறுநாள் உப்பு விற்க வந்தவர் எல்லையில் நின்றபடி சாவுச் செய்தியையும் மூன்று நாள் கெடுவையும் சொன்னார். ஊர்த் தலைவரான ஊர்க்கவுண்டர் காலில் விழுந்தேன்.

"என்னை மட்டுமாச்சும் போக உடுங்க."

அவர் சிரித்தார். "பொணத்தை எவன் தூக்கிட்டுப் போவான் கண்ணு? நோம்பி முடியட்டும்."

ஒரு வீட்டுப் பிணத்தை இன்னொருவன் எடுத்துக்கொள்வான் என்பது மலையில் யார் புத்திக்கும் எட்டாத விஷயம். ஊரே அவர் பக்கம் நின்றது. எட்டாம் நாள் நோம்பி முடிந்ததும் ஆஸ்பத்திரிக்கு ஓடினேன். கட்டில் காலியாக இருந்தது.

நான் திரும்பி மலையேறவில்லை. அதே ஆஸ்பத்திரியில் ஆயாவாகச் சேர்ந்தேன். அந்தச் சிரிப்பை மட்டும் ஒரு நாளும் மறக்கவில்லை.

பல வருஷம் கழித்து, வயிறு வீங்கிய ஊர்க்கவுண்டரை அவர் மகன் கொண்டுவந்து சேர்த்தான். ஐந்து நாளில் வருவதாகச் சொல்லிப் போனான். இரண்டாம் நாள் விடியற்காலையில் கிழவர் போய்ச் சேர்ந்தார்.

"உங்க மலைக்காரர்தானே, சொல்லி அனுப்பு," என்றார் டாக்டர்.

"ஆகட்டுங்க," என்றேன்.

அனுப்பவில்லை. அன்று சந்தை. எங்கள் ஊர்க்காரர்கள் மூன்று பேர் பலாப்பழம் சுமந்து ஆஸ்பத்திரி வாசலைக் கடந்து போனார்கள். முகத்தைத் திருப்பிக்கொண்டு தரையைக் கூட்டினேன். மறுநாளும் வாயைத் திறக்கவில்லை. கெடு முடிந்ததும் அவரைத் துணியில் சுற்றிப் பட்டணத்து ரயிலில் ஏற்ற நானும் ஒரு கை பிடித்தேன். மனசு குளிர்ந்தது. பொய் சொல்வானேன், அன்று வயிறாரச் சாப்பிட்டேன்.

ஐந்தாம் நாள் மகன் வரவில்லை. கிழவர் பெண்சாதி வந்தாள். கூடையில் தினைமாவு. காலிக் கட்டிலைப் பார்த்துவிட்டு என் கையைப் பிடித்துக்கொண்டாள். கண்ணால் மற்றக் கட்டில்களிலெல்லாம் தேடினாள்.

"பையனைக் காட்டு வேலையைப் பாருடான்னு நிறுத்துனதே நான்தான் சாமி. நம்ம புள்ள நீ இங்க இருக்கறப்ப, அவரைத் தனியா உட்டுருவியான்னு தைரியமா இருந்தேன். அவரை எங்க படுக்க வெச்சிருக்கற?"

கிழவர் மேல் எனக்கிருந்த கோபம் அப்போதும் ஆறவில்லை. ஆனால் அவள் பிடித்த கையை உருவிக்கொள்ள என்னால் முடியவில்லை.