கடைசி வீட்டுப் பாத்தி

கரமனையில் ஆற்றை நோக்கி இறங்கும் அந்த அக்ரஹாரத் தெருவின் கோடியில் வெங்கடேஸ்வரனுக்கு ஒட்டினாற்போல் இரண்டு வீடுகள். மேட்டு வீட்டில் அவரும் மனைவி ஜெயலக்ஷ்மியும் இருந்தார்கள். பள்ளத்து வீட்டில் எலிசாள் வாடகைக்கு இருந்தாள். தம்பானூர் லாட்ஜ் ஒன்றில் படுக்கை விரிப்புகளுக்கு அவள்தான் பொறுப்பு. எந்தக் கறையும் அவள் கையைத் தாண்டிப் போகாது என்று அங்கே பேர். சொந்த ஊர் மார்த்தாண்டம் பக்கம். புருஷன் போன பிறகு, பஸ் இறங்கி நடக்கிற தூரத்தில், கிணறு வற்றாத இந்த வீடு கிடைத்ததையே பெரிய காரியமாக நினைத்தாள்.

ஒரு நிபந்தனையோடுதான் கிடைத்தது. வீட்டில் மீன் சமைக்கக் கூடாது. மார்த்தாண்டத்துக்காரிக்கு மீனில்லாத சோறு எப்படி இறங்கும் என்று அந்தத் தெருவில் யாரும் யோசித்திருக்க மாட்டார்கள். அவள் வாக்குக் கொடுத்தாள், காப்பாற்றினாள். மத்தி மீனுக்கு நாக்கு ஏங்கினால் லாட்ஜ் கேன்டீனில் தின்றுவிட்டு, கையைச் சோப்புப் போட்டுக் கழுவி, முகர்ந்து பார்த்த பிறகே பஸ் ஏறினாள்.

போன வருஷம் வெங்கடேஸ்வரன் இரண்டு வீட்டு ஓட்டு விளிம்பிலும், மழைநீரை ஏந்தி ஓட, வெள்ளைப் பெயின்ட் அடித்த அலுமினியப் பாத்தியை ஒரே நீளமாகப் போட்டார். தெருவின் சரிவுக்கே பாத்தியும் சரிந்தது. நீர் இறங்கும் குழாய் எலிசாள் வீட்டு மூலையில். ஜூனில் இடவப்பாதிப் பருவமழை பிடித்ததும் அவள் வாசலுக்கு மேலே பாத்தியின் முகத்தில் கறுப்புக் கோடுகள் வழிந்தன. மேட்டு வீட்டுப் பாத்தி வெள்ளையாகவே இருந்தது.

எலிசாள் பிளீச்சிங் பவுடர் கரைத்துத் தேய்த்தாள். வெளுத்தது. அடுத்த மழைக்குத் திரும்ப வந்தது. கம்பி நார் போட்டுத் தேய்த்தாள். பெயின்ட் உரிந்து, கீறலுக்குள் அழுக்கு இன்னும் இறுகப் பிடித்தது. கம்பி நார் அவள் செய்த பிழை. அதை அவள் மறுத்ததில்லை.

வெங்கடேஸ்வரன் வாசலில் வந்து நின்றார். "நேராவே சொல்லிடறேன். இது மழை அழுக்கு இல்லை. எண்ணெய்ப் புகை. மீன் பொரிக்கற புகை."

"அடுக்களை பின்னால கிடக்கு சார். புகை வீட்டைச் சுத்தி நடந்து வாசலுக்கு வருமா? எப்பமாவது மீன் மணம் வந்தது உண்டா?"

"மணம் வராம பண்ணவும் வழி இருக்குமே. ஓணம் கழிஞ்சதும் வேற வீடு பாத்துக்கோங்கோ."

மரியாதையாகத்தான் சொன்னார். அந்த மரியாதைதான் அவளைச் சுட்டது. கறை எங்கே தெரிகிறதோ அங்கேதான் அதைச் செய்தவரும் இருக்க வேண்டும் என்பது என்ன நியாயம்? தண்ணீர் எங்கிருந்து வருகிறது என்று அண்ணாந்து பார்க்க வேண்டாம். யார் வாசல் என்று பார்த்தால் போதும், தீர்ப்பு தயார்.

ஞாயிற்றுக்கிழமை வேதக்கோயில் ஆராதனை முடிந்து வந்ததும் மழை சற்று விட்டது. எலிசாள் ஏணியைச் சாத்தி ஏறினாள். குழாய் வாயை ஏதோ அடைத்திருந்தது. கையை விட்டாள். பலா இலைகளோடு களியாகக் குழைந்து, கறுத்து, புளித்துப்போன சோறு. நடுவே பருப்பு. வழி அடைந்த தண்ணீர் அந்தக் கறுப்பைக் கரைத்துக்கொண்டு விளிம்பைத் தாண்டி வழிந்திருக்கிறது. நிமிர்ந்து பார்த்தாள். மேட்டு வீட்டு ஓட்டின் மேல், மாடி ஜன்னலிலிருந்து கை எட்டும் இடத்தில், இன்றைய பிடி சோறு நெய் மினுங்கக் கிடந்தது. காக்கை கொத்திய மிச்சம் பாத்திக்குள் சரிந்துகொண்டிருந்தது. சாப்பிடுமுன் காக்கைக்கு வைக்கிற சாதம். தினமும் கண்ணில் படுவதுதான்.

எல்லாவற்றையும் வாளியில் அள்ளி, மேட்டு வீட்டு வாசலில் கொண்டு வைத்தாள்.

"சார், இதுல ஒரு மீன் முள்ளு எடுத்துக் காட்டுங்க. இன்னைக்கே பெட்டியக் கட்டுதேன்."

வெங்கடேஸ்வரன் மூக்கைப் பொத்திக்கொண்டார். "என்ன கண்றாவி இது?"

"சோறு. நெய்யும் பருப்பும் போட்ட சோறு."

"அது பித்ருக்களுக்கு வெக்கறது. அதைப் போய்…"

"உங்க ஓட்டுல இருக்கும்போ பித்ருக்களுக்கு. என் வாசல்ல ஒழுகும்போ மீன் புகை. அப்படித்தானே சார்?"

ஜெயலக்ஷ்மி வெளியே வந்து வாளியை எட்டிப் பார்த்தாள். "ஏன்னா, இது நான் வெச்ச சாதம்தான். மதில்ல வெக்க வேண்டியது. மழைக்குச் சோம்பிண்டு ஓட்டுல வெச்சேன்."

"சரி சரி," என்றார் வெங்கடேஸ்வரன். "நீங்க இங்கயே இருந்துக்கலாம். நான் அதைப் பெரிசா எடுத்துக்கலை."

வீடு நிலைத்துவிட்டது. அத்தோடு அவள் திரும்பியிருக்கலாம்.

"நீங்க பெரிசா எடுக்க வேண்டாம் சார். நான் எடுத்துட்டேன். கொடுத்த வாக்கைத் தெத்திச்சேன், மீறிட்டேன்னு சொன்னீங்க. அப்படி இல்லைன்னு ஒரு வார்த்தை சொல்லுங்க, போதும்."

அவர் வாளியைப் பார்த்தார், தெருவைப் பார்த்தார். "ஜாஸ்தி பேசறேள்."

"அப்போ வாக்கு எனக்கு மட்டும் எதுக்கு? இனி என் அடுக்களையில மீன் வைப்பேன். ஒளிச்சு அல்ல, சொல்லிட்டுச் செய்யுதேன்."

அவர் வாயைத் திறக்குமுன் ஜெயலக்ஷ்மி முந்திக்கொண்டாள். "வெச்சுக்கோடி. ஜன்னலை மட்டும் ஆத்தங்கரைப் பக்கமா தொறந்துக்கோ."

மத்தியானம் எலிசாள் பாத்தியைச் சோப்புத் தண்ணீரும் மெல்லிய துணியுமாகத் துடைத்தாள். குழாய் வாயில் கம்பி வலையைச் செருகினாள். கறை போயிற்று. கம்பி நாரின் கீறல்கள் போகவில்லை. சாயங்காலம் மத்தி வாங்கி வந்து, மிளகாய் அரைத்துப் புரட்டி, எண்ணெயில் போட்டாள். பின்பக்கம் ஆற்றைப் பார்த்த ஜன்னல் ஏற்கெனவே திறந்துதான் கிடந்தது. வாசல் பக்கம் போய்த் தெரு ஜன்னலையும் திறந்து வைத்தாள்.