கூடைக் கயிற்றில் கடை அக்கா

எங்கள் தேயிலைத் தோட்டத்தில் கயிறு பிடிக்கும் நாளில் ஆண்களைக் கண்ணால் காண முடியாது. பாம்பு, அட்டை, துரை என எதற்கும் அஞ்சாதவர்கள்கூட அன்று கஹவத்தை டவுனுக்கு பஸ் ஏறிவிடுவார்கள். கயிற்றைப் பிடித்தவர்களின் மனசெல்லாம் ஒரே மனசாகிவிடும்; ஒருத்தி பார்த்ததை எல்லோரும் பார்ப்பார்கள். நம் ஆண்பிள்ளைகள் அதற்குத் தயாரில்லை. மடியில் கனம் இருந்தால்தானே வழியில் பயம்!

கொழுந்துக் கூடைகளின் தலைக்கயிறுகளை அவிழ்த்து, ஒன்றோடொன்று முடிந்து, முடிச்சுகளில் மஞ்சள் தண்ணீர் தெளிப்போம். வட்டமாக உட்கார்ந்து கயிற்றைப் பிடித்துக்கொண்டு, ஆளுக்கொரு பச்சைக் கொழுந்தை வாயில் அடக்குவோம். கசப்பு தீரும்வரை பேசக் கூடாது. கொஞ்ச நேரத்தில் பக்கத்தில் இருப்பவள் போட்ட வெற்றிலையின் காரம் என் நாக்கில் ஏறும். அதன் பிறகு அவள் கண்தான் என் கண். தொலைந்த ஆடோ, விழுந்த தோடோ, வேலை நேரத்தில் பிள்ளைகளை விட்டுப்போகும் பிள்ளை மடுவத்திலிருந்து நழுவிப்போன குழந்தையோ, ஒருத்தி அரைகுறையாகப் பார்த்தது இன்னொருத்தி பார்த்ததோடு சேர்ந்து வழி காட்டிவிடும். கூடவே, யார் யார் மாமியாரை மனசுக்குள் என்ன சொல்லித் திட்டுகிறார்கள் என்பதும் தெரிந்துவிடும். ஆனால் கயிறு அவிழ்ந்த பின் அதைப் பற்றி ஒரு வார்த்தை வராது. குழாயடியில் ஒரு குடம் தண்ணீருக்குக் குடுமிப்பிடி சண்டை போடும் அதே பெண்கள்தான்! இந்தக் கண்ணியத்தை நான் வேறு எங்கும் கண்டதில்லை.

நாட்டின் வடக்கே ராணுவத்தோடு சண்டை நடந்துகொண்டிருந்த காலம். தோட்டத்துக்குக் கீழே, ரோட்டோரம் கடை வைத்திருந்த சிங்கள அக்காவின் ஒரே மகன் ஆமியில் சேர்ந்து வடக்கே போயிருந்தான். இருக்கிறான் என்றும் இல்லை, செத்தான் என்றும் இல்லை, காணவில்லை என்று மட்டும் அக்காவுக்குச் சொல்லியனுப்பினார்கள். அவர் புத்தர் பன்சலை, சாமி தேவாலை, மை போட்டுப் பார்ப்பவர் வீடு என்று அலைந்து ஓய்ந்து, ஒரு ஞாயிற்றுக்கிழமை நாங்கள் கூடியிருந்த, கொழுந்து நிறுக்கும் மடுவத்துக்கே குடையோடு வந்துவிட்டார். கயிற்றின் தலைப்பு எப்போதும் என் மதினி கையில்தான் இருக்கும். அண்ணன் மனைவி என்பதற்காகச் சொல்லவில்லை, அவருக்குப் பொய் சொல்லவே வராது.

"நங்கி, தங்கச்சி, கயிறு புடிங்க. மகே புத்தா, எம் மகன், எங்க இருக்கான்னு பாத்துச் சொல்லுங்க" என்றார் அக்கா.

"அக்கா, இது மை போட்டுப் பாக்குற மாதிரி இல்லீங்க. எங்கள்ல யாராச்சும் கண்ணால பாத்திருந்தாதான் தெரியும். நாங்க யாரும் வடக்குப் பக்கமே போனதில்லீங்களே" என்றார் மதினி.

"பரவாயில்ல. புடிங்க."

எனக்குச் சுருக்கென்று கோபம் வந்தது. கொழும்பில் ஒரு கடையில் வேலை செய்த என் தம்பியை, தமிழ்ப் பெயர் என்பதற்காகவே சோதனைச் சாவடியில் பிடித்து உள்ளே வைத்தார்கள். திரும்பி வந்தவன் சோற்றுத் தட்டைப் பார்த்துக்கொண்டே உட்கார்ந்திருப்பான், கை வைக்க மாட்டான். அந்த ஆமி உடுப்பைப் போட்ட எவனும் வீடு போய்ச் சேரக் கூடாது என்று மண்ணை வாரித் தூற்றியவள் நான். கயிற்றைப் பிடித்தால் இந்தத் தாய் அதைப் பார்த்துவிடுவார். மதினியை ஓரமாக இழுத்தேன்.

"மதினி, நான் வரல. என் மனசுல என்ன கெடக்குன்னு ஒங்களுக்கே தெரியும்."

"அவங்க மனசுல நம்மளப் பத்தி என்ன கெடக்கோ, அதயும் நாம பாக்கத்தானே போறோம்? வந்து ஒக்காரு."

உட்கார்ந்தேன். அக்கா கொழுந்தைக் கடித்து முகம் சுளித்தார். சற்று நேரத்தில், அவர் வரும்முன் கடித்திருந்த கித்துள் கருப்பட்டியின் இனிப்பு என் நாக்கில் ஏறியது. அவர் வீட்டுக் கதவு தெரிந்தது; தாழ்ப்பாள் போடவில்லை. மேசையில் ஒரு தட்டுச் சோறு மூடி வைத்திருந்தது. எங்களைப் பற்றிய பயமும் அங்கே இருந்தது. ஒளிக்கவில்லை அவர். என்னாலும் ஒளிக்க முடியவில்லை. என் சாபத்தின்மேல் அவர் வந்து நின்றதை உணர்ந்தேன். அவர் கயிற்றை விட்டுவிட்டுப் போய்விடுவார் என்றுதான் நினைத்தேன். விடவில்லை, இன்னும் இறுக்கிப் பிடித்தார். அந்த மனுஷியின் நெஞ்சுரத்தை நினைத்தால் இன்றைக்கும் எனக்குக் கண் கலங்குகிறது.

எல்லோருமாகச் சேர்ந்து அவனைத் தேடினோம். வடக்கே எங்களுக்கு ஒன்றும் தெரியவில்லை. எங்களிடம் இருந்ததெல்லாம் இங்கே பார்த்தவைதான். எங்கள் லய வீடுகளுக்குப் பின்னால் கொய்யா மரத்தில் ஏறியிருக்கிறான். கடையில் தாய் பார்க்காத நேரம் எங்களுக்குப் பருப்பைக் கூடுதலாகப் போடுகிறான். கடைசியாக, விறகு பொறுக்கப் போன ஒருத்தி கண்ட காட்சி வந்தது. லீவு முடிந்து திரும்பிப் போகும் நாள். மதகுக்குக் கீழே உடுப்போடு குந்தி உட்கார்ந்து தேம்பித் தேம்பி அழுகிறான். பிறகு முகத்தைக் கழுவிக்கொண்டு கடைப் பக்கம் நடக்கிறான்.

கசப்பு தீர்ந்தது. கயிற்றில் கண்டதைப் பேசக் கூடாது என்பது அக்காவுக்குத் தெரியாது. மதினியும் தடுக்கவில்லை.

"எங்கிட்ட சிரிச்சிட்டேதான் போனான். வீட்ட விட்டுப் போறது அவனுக்குச் சந்தோசம்னு நெனச்சேன்" என்றார் அக்கா. அழவில்லை. என் பக்கம் திரும்பினார். அறைந்திருந்தாலும் வாங்கிக்கொண்டிருப்பேன். "ஒங்க தம்பி இப்ப சோறு சாப்புடுறாரா?"

"கொஞ்சம் கொஞ்சமா சாப்புடுறான் அக்கா."

"வீட்டுக்கு வந்துட்டாருதானே. அது போதும், நங்கி."

என் கோபம் போய்விட்டது என்று சொன்னால் அது பொய். ஆனால் அன்று முதல் அவனுக்காக நானும் காத்திருந்தேன். அவன் வரவேயில்லை. வடக்கே சண்டை முடிந்ததென்று ரோட்டில் வெடி கொளுத்திய அன்று அக்கா கடையைத் திறக்கவில்லை. மதினியும் நானும் பின்வாசல் வழியாகப் போய், வெடிச் சத்தம் ஓயும்வரை அவர் கையைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தோம்.