செங்கல் கப்பலின் தலைவி

இரண்டாம் உலகப் போர்க்காலத்தில் எங்கள் கடற்படைப் பெண்கள் பிரிவுக்குத் தலைவியாக வந்த ஹெஸ்டர் பென்ரோஸ், படகில் ஏறினாலே வாந்தி எடுப்பவள். இங்கிலாந்தின் பிளிமத் துறைமுக மேட்டில் இருந்த எங்கள் செங்கல் கட்டடத்தைக் கப்பல் என்றுதான் சொல்ல வேண்டும் என்பாள். சோப்பு வாங்கப் போவதானாலும் சல்யூட் அடித்து, "கரைக்குப் போகலாமா, மேடம்?" என்று கேட்க வேண்டும். கேட்க மறந்த எங்கள் தோழி மேவிஸை ஒரு வாரம் கக்கூஸ் கழுவ வைத்தாள்.

ஒரு மாலை குண்டு விழுந்து கூரை பற்றிக்கொண்டது. பழக்கதோஷம், வெளியேற அனுமதி கேட்க அவளைத் தேடினோம். அந்த மகாராணியோ எங்களுக்கு முன்பே தெருவில் நின்றிருந்தாள்.

தீ அணைந்ததும் மேவிஸ் விறைப்பாகச் சல்யூட் அடித்தாள். "மேடம், கப்பல்ல கேப்டன்தானே கடைசியா எறங்கணும்?"

"கப்பலாவது மண்ணாவது! அது வெறும் கட்டடம்டி!"